திரைக்குப் பின்னாலான உழைப்பு: நோர்வேயப் பாவைத் திரைப்படமும் பியார்னே சாண்டெமோசேயும்

சினிமாவின் வரலாறு பெரும்பாலும் பெயர்களின் வரலாறாகவே எழுதப்பட்டு வந்துள்ளது. தொடக்க காலத்தில் நட்சத்திரங்களின் பெயர்கள் முதன்மை பெற்றன. 1954ஆம் ஆண்டு பிரான்சுவா த்ருஃபோ எழுதிய புகழ்பெற்ற கட்டுரைக்குப் பின்னரும், அமெரிக்க விமர்சகரான ஆண்ட்ரூ சாரிஸ் 1962இல் அதனை ஒரு கோட்பாடாக வகுத்துரைத்த பின்னரும், நெறியாளரின் பெயர் அவ்விடத்தைப் பிடித்துக்கொண்டது. நாவலுக்கு ஆசிரியன் இருப்பதுபோலத் திரைப்படத்துக்கும் ஆசிரியன் ஒருவன் உளன் என்பது இக்கொள்கையின் சாரம். வணிக நிறுவனங்களின் ஆதிக்கத்துக்கு எதிராகக் கலைஞனின் தனித்துவத்தை வலியுறுத்தியது என்ற வகையில் அதற்கு ஒரு முற்போக்கான பாத்திரம் இருந்தது என்பதை மறுப்பதற்கில்லை. ஆயினும், கூட்டு உழைப்பினால் மட்டுமே தோன்றக்கூடிய ஒரு கலைப்பொருளை அது தனியொருவரின் ஆளுமை வெளிப்பாடாகச் சுருக்கிவிட்டது. மரத்தை அறுத்தவர், சக்கரத்தைக் கடைந்தவர், துணியைத் தைத்தவர் ஆகியோர் படத்தின் இறுதியில் விரைந்தோடும் எழுத்துக்களாக மட்டுமே எஞ்சினர்.

இக்கட்டுரை அத்தகைய ஒருவரைப் பற்றியது. நோர்வேயிற் பிறந்து வளர்ந்த எவரும் ‘ஃப்ளோக்லிப்பா கிராண்ட் பிரீ’ என்னும் 1975ஆம் ஆண்டுப் பாவைத் திரைப்படத்தை அறிவர். அதன் நெறியாளரான இவோ கப்ரீனோவையும் அறிவர். அப்படத்தின் அரங்கங்களையும் வாகனங்களையும் தம் கைகளாற் செய்து, தொழில்நுட்பப் பொறுப்பு முழுவதையும் ஏற்றிருந்த பியார்னே சாண்டெமோசேயின் பெயர் அதே அளவுக்கு அறியப்பட்டதன்று. கப்ரீனோவின் தொழில் வாழ்க்கை நெடுகிலும் அவருடைய முதன்மைக் கூட்டாளியாக விளங்கியவர் இவரே. இத்தகையோரின் உழைப்பு எவ்வாறு கண்ணுக்குப் புலப்படாததாக்கப்பட்டது என்பதே இங்கு எம் வினா. அவர்கள்மீது அனுதாபம் தெரிவிப்பது எமது நோக்கமன்று. உற்பத்தி முறையிலிருந்தும், அந்த உற்பத்தி தன்னைப் பற்றித் தானே பரப்பிய கதையிலிருந்தும் இவ்வினாவுக்கு விடை தேட முயல்வோம்.

நோர்வேயின் சினிமா அமைப்பு மேற்கு ஐரோப்பாவிலேயே தனித்தன்மை வாய்ந்தது. 1913ஆம் ஆண்டுச் சட்டம் படக்காட்சிகளுக்கு அனுமதி வழங்கும் அதிகாரத்தை நகரசபைகளிடமும் கிராமசபைகளிடமும் ஒப்படைத்தது. அவ்வதிகாரத்தைக் கொண்டு சபைகள் தாமே படமாளிகைகளை நடத்தத் தொடங்கின. 1917இல் அவற்றின் தேசியச் சம்மேளனமும், 1919இல் அவற்றுக்கான விநியோக நிறுவனமும் தோன்றின. இதனால் திரையரங்கின் இலாபம் தனியார் பைகளுக்குச் செல்லாது பொதுப் பணிகளுக்குச் சென்றது. ஒஸ்லோவில் 1963இல் திறக்கப்பட்ட முங்க் ஓவியக் காட்சிச்சாலை அந்நகரப் படமாளிகைகளின் வருவாயைக் கொண்டே கட்டப்பட்டது. கலையின் வருவாய் கலைக்கே செலவிடப்பட்டது என்று இதனைக் கூறிப் பெருமைப்படலாம். ஆனால் சினிமாவின் வருவாய் சினிமாவுக்குச் சென்றதா என்று கேட்டால் விடை வேறாகிறது. காட்சிப்படுத்தல் பொதுவுடைமையாயிற்று, தயாரிப்போ மூலதனமின்றித் தள்ளாடும் சிறு தனியார் முயற்சியாகவே நீண்டகாலம் நின்றது. உள்ளூராட்சிச் சபைகள் இணைந்து ‘நோர்ஸ்க் ஃபிலிம்’ என்னும் தயாரிப்பு நிறுவனத்தை அமைத்தது 1932இலேயே. முப்பதுகளில் தொழிலாளர் இயக்கம் தானே படமெடுக்க முனைந்ததும் உண்டு. 1889ஆம் ஆண்டுத் தீக்குச்சித் தொழிற்சாலைப் பெண்களின் வேலைநிறுத்தத்தைப் பற்றி ஒலாவ் டால்கார்ட் 1939இல் நெறிப்படுத்திய ‘வடக்கில் விடிகிறது’ என்னும் படம் அம்மரபின் குறிப்பிடத்தக்க பேறு. அடுத்த ஆண்டு ஏப்ரலில் ஜெர்மானியப் படைகள் நாட்டினுள் நுழைந்தன. அம்மரபும் அவ்வளவில் அறுந்தது.

போருக்குப் பின்னர் நோர்வேயில் படமெடுக்க விரும்பியவரின் நிலை இதுதான்: பார்வையாளர் இருந்தனர், பொதுமக்களுக்குச் சொந்தமான அரங்குகள் இருந்தன, தொழிற்சாலை முறையில் இயங்கும் பெரிய படப்பிடிப்பகங்களும், தொழிற்பிரிவினை முதிர்ந்த தொழிலாளர் படையும், அவற்றைத் தாங்கும் சந்தையும் இருக்கவில்லை. பாவைத் திரைப்படம் இச்சூழலில் வளர்ந்தமை தற்செயலன்று. நடிகர்களுக்குச் சம்பளமில்லை, வெளிப்புறப் படப்பிடிப்பில்லை, ஒரு வீட்டின் அளவுள்ள இடம் போதும். அதற்கு வேண்டியது பணத்தைக் காட்டிலும் காலமும் கைத்திறனுமே. சுருங்கக் கூறின், மூலதனத்தின் இடத்தை உழைப்பு நேரத்தால் ஈடுசெய்யக்கூடிய சினிமா வடிவம் அது.

இவோ கப்ரீனோ 1920இல் ஒஸ்லோவிற் பிறந்தார். தந்தையார் இத்தாலியரான தளபாடத் தச்சர். தாயார் இங்கபோர்க் கூடெ ஓவியர்; பத்தொன்பதாம் நூற்றாண்டின் பெயர்பெற்ற நிலக்காட்சி ஓவியரான ஹான்ஸ் கூடெயின் பேத்தி. நாற்பதுகளின் நடுப்பகுதியில் தாயார் ஒரு பாவைக்கூத்து அரங்குக்குப் பாவைகள் செய்துவந்தார். அவருக்கு உதவியாகச் சென்ற மகனுக்கு அப்பாவைகளைப் படம்பிடிக்கலாம் என்ற எண்ணம் தோன்றியது. முதற் படமான ‘டிம்மும் டொஃபெயும்’ 1949இல் வெளிவந்தது. 1952இல் வெளியான ‘பிடில்காரச் சிறுவன் ஃப்ரிக்’ வெனிஸ் விழாவிற் சிறந்த சிறுவர் படத்துக்கான பரிசைப் பெற்றது. தச்சுத்தொழிலும் ஓவியமும் ஒரே கூரையின் கீழ் இருந்த குடும்பத்திலிருந்து இக்கலை பிறந்தது என்பது மனங்கொள்ளத்தக்கது. அறுபதுகளின் நடுப்பகுதியில் இறக்கும்வரை அப்படங்களுக்கான பாவைகளைத் தாயாரே செய்துவந்தார். மகன் புகழ்பெற்ற நெறியாளரானார். தாயார் ‘உதவியவர்’ ஆனார். உண்மையில், யார் யாருக்கு உதவினர் என்ற கேள்வி அன்றே கேட்கப்பட்டிருக்க வேண்டும்.

அக்காலத்துப் படங்கள் பலவற்றுக்கு அஸ்பியோர்ன்சனும் மூவும் பத்தொன்பதாம் நூற்றாண்டிலே திரட்டிய நாட்டார் கதைகளே மூலம். அத்திரட்டும் தொகுத்தவர் பெயராலேயே வழங்குகிறது. குளிர்கால இரவுகளில் அக்கதைகளைச் சொல்லிய குடியானவரின் பெயர்கள் மறைந்துவிட்டன. வாய்மொழி இலக்கியத்தைப் பயில்வோருக்கு இது பழகிய செய்தி. கதையின் தோற்றத்திலும் படத்தின் தோற்றத்திலும் ஒரே விதி தொழிற்பட்டிருப்பதை மட்டும் இங்குச் சுட்டி அப்பாற் செல்வோம்.

கப்ரீனோவின் புகழுக்குக் காரணமாயிருந்தவற்றுள் ஒன்று ‘இரகசியம்’. முதற் படத்துக்காக அவர் ஒரு புதிய முறையைக் கண்டிருந்தார். பொதுவாகப் பாவைப் படங்களில் பாவையைச் சிறிதளவு நகர்த்தி ஒரு படச்சட்டம் எடுப்பர்; மீண்டும் நகர்த்தி மற்றொன்று எடுப்பர். கப்ரீனோவோ கமரா ஓடிக்கொண்டிருக்கும்போதே பாவைகளை இயந்திர அமைப்பொன்றின் வழியாக நேரடியாக இயக்கினார். இம்முறையை வெளியார்க்குக் காட்டாது வைத்திருந்தமையால் அது நாட்டில் பெரும் ஆவலைத் தூண்டிற்று. பத்திரிகைகள் மந்திரவித்தை என்றன. பொதுமக்களும் அவ்வாறே நம்பினர். பின்னர் அவர் வழமையான படச்சட்ட முறைக்கே மாறினார். ஆனால் மந்திரம் பற்றிய கதை மாறவில்லை. பிற்காலப் படங்கள் எல்லாம் உலகெங்கும் கையாளப்படும் சாதாரண முறையில், பொறுமையோடு ஒவ்வொரு சட்டமாக எடுக்கப்பட்டவை. இருந்தும், ஏதோ ஓர் அற்புதப் பொறி பாவைகளை அசைப்பதான எண்ணத்தை நிலைபெறச் செய்யவே கப்ரீனோ முயன்றார்.

இவ்விடத்திற் சற்றுத் தரித்து நிற்றல் வேண்டும். 1867இல் வெளிவந்த ‘மூலதனம்’ நூலின் முதற் பாகத்தில் மார்க்ஸ் பண்ட வழிபாடு பற்றி விளக்குகிறார். மனிதரின் உழைப்பினால் உருவான பொருள், அவ்வுழைப்பின் சமூக உறவுகளை மறைத்துக்கொண்டு, தானே ஓர் ஆற்றலுடையது போலத் தோற்றுகிறது என்பது அவ்விளக்கத்தின் உட்கிடை. பாவைப் படத்தைப் பொறுத்தவரையில் இஃது உருவகமாகவன்றி நேர்ப்பொருளிலேயே நிகழ்கிறது. மரமும் றப்பரும் துணியும் தாமாக நடக்கின்றன, பேசுகின்றன, துயருறுகின்றன. அவற்றை அசைத்த கை திரையில் தெரியலாகாது என்பது கலையின் தேவை. அதனைக் குறைகூற முடியாது. ஆனால் படம் முடிந்து வெளியே வந்த பின்னரும் அக்கை தெரியலாகாது என்பது விளம்பரத்தின் தேவை. இவ்விரண்டையும் பிரித்தறிய வேண்டியது ஆய்வாளனின் கடமை. இல்லாத பொறியொன்றைப் பற்றிய இரகசியம், இருந்த உழைப்பாளரைப் பற்றிய செய்தியை மூடிற்று.

இனி, பியார்னே சாண்டெமோசேயிடம் வருவோம். அவர் இருபதுகளில் டென்மார்க்கிற் பிறந்தவர். தந்தையார் அக்செல் சாண்டெமோசே ஸ்கண்டினேவிய இலக்கியத்தின் பெரும்பெயர்களுள் ஒன்று. 1930இல் நோர்வேயிற் குடியேறிய அவர், 1933இல் வெளியிட்ட ‘ஓர் அகதி தன் தடத்தைக் குறுக்கிடுகிறான்’ என்னும் நாவலில் யாந்தே என்ற கற்பனை ஊரைப் படைத்தார். அவ்வூரின் எழுதப்படாத பத்துக் கட்டளைகள், எவனும் தன்னைப் பிறரிலும் மேலானவனாகக் கருதலாகாது என்பதையே பலவாறு வற்புறுத்துவன. ‘யாந்தே விதி’ என்ற தொடர் இன்று ஸ்கண்டினேவிய மொழிகளில் வழக்காகிவிட்டது.

தந்தையார் அவ்விதியை எழுதியவர். மகனோ வாழ்நாள் முழுவதும் திரைக்குப் பின்னாலே நின்றவர். இவ்விரு செய்திகளையும் இணைத்து அழகிய வாழ்க்கை வரலாற்று விளக்கமொன்றைக் கட்டிவிடலாம்: தன்னை முன்னிறுத்தலாகாது என்ற விதி மகனின் குருதியிலே ஊறியிருந்தது என்பது போல. இத்தகைய விளக்கங்கள் கேட்பதற்கு இனிமையானவை. வரலாற்று அடிப்படையில் பயனற்றவை. ஒருவர் மறைந்திருப்பதற்கு அவருடைய அடக்கத்தைக் காரணமாகக் காட்டும்போது, அவரை மறைத்த அமைப்பு விசாரணையிலிருந்து தப்பிவிடுகிறது. அன்றியும், அக்செல் சாண்டெமோசேயின் நாவல் அவ்விதியைப் போற்றவில்லை. கீழ்நிலையிலுள்ளோர் தம்முள் ஒருவரையொருவர் அமுக்கி வைக்கும் கொடுமையையே அது காட்டுகிறது. பின்வந்தோர் அதனைச் சமத்துவ மனப்பான்மையின் சின்னமாக்கிக்கொண்டது வேறு கதை. மகனின் தொழில் வாழ்க்கையை விளங்கிக்கொள்ள நாம் நாடவேண்டியது தந்தையின் நூலகத்தையன்று, அவர் நின்று வேலைசெய்த பட்டறையையே.

அப்பட்டறையில் நடந்தது யாது? எண்பத்தெட்டு நிமிடங்கள் ஓடும் படமொன்றில், விநாடிக்கு 24 சட்டங்கள் என்ற கணக்கில், ஏறத்தாழ 1,26,700 சட்டங்கள் உண்டு. ஒரே நிலையை இரண்டு சட்டங்களுக்கு எடுத்தாலும் அறுபதினாயிரத்துக்கு மேற்பட்ட தடவைகள் பாவைகளைத் தொட்டு நகர்த்த வேண்டும். விநாடிகள் சிலவே ஓடும் ஒரு காட்சிக்கு நாட்கள் பல செல்லும். அந்நாட்களில் அரங்கத்தின் பலகை ஒரு மயிரிழை தானும் வளையலாகாது, மேசை அசையலாகாது, விளக்கு இடம் மாறலாகாது. பாவையின் மூட்டு கையால் திருப்பும்போது இலகுவாகத் திரும்பவும் வேண்டும், கையை எடுத்ததும் அந்நிலையிலேயே உறைந்து நிற்கவும் வேண்டும். வாகனமாயின் சக்கரம் உருளும் தூரமும் கமரா நகரும் தூரமும் ஒன்றோடொன்று இசைய வேண்டும். இவற்றில் எங்கேனும் பிழை நேர்ந்தால் திரையில் அது நடுக்கமாகத் தெரியும். வேலையை முதலிலிருந்து தொடங்க வேண்டும். எனவே ‘தொழில்நுட்பப் பொறுப்பு’ என்று ஒரு சொல்லில் அடக்கப்படுவது, மற்றெவருடைய கற்பனையும் படமாவதற்கான முன்நிபந்தனையாகும். இதனை நெறியாளரின் எண்ணத்துக்கு உருவங் கொடுத்தல் என்று மட்டும் கூறுவது போதாது. எவ்வெண்ணம் உருவம் பெறக்கூடியது என்பதைத் தீர்மானிப்பவர் பட்டறையில் நிற்பவரே.

ஃப்ளோக்லிப்பா படத்தின் தோற்ற வரலாறு இக்கூற்றுக்கு வியக்கத்தக்க சான்றாக அமைகிறது. அதற்கு மூலமானவை எழுத்தாளரும் கேலிச்சித்திரக்காரருமான ஷெல் அவ்க்ருஸ்டின் நூல்கள். அல்வ்டால் என்னும் மலையூரைச் சேர்ந்த அவர், ஃப்ளோக்லிப்பா என்ற கற்பனைக் கிராமத்தையும் அதன் விசித்திரக் குடிகளையும் படைத்திருந்தார். 1970இல் கப்ரீனோ குழுவினர் அவற்றிலிருந்து 25 நிமிடத் தொலைக்காட்சி நிகழ்ச்சியொன்றைத் தயாரிக்கத் தொடங்கினர். அது தொடர்ச்சியான கதையில்லாத துணுக்குகளின் தொகுப்பு. ஒன்றரை ஆண்டுக்கால உழைப்பின் பின்னர், முழுமையாக நோக்குமிடத்து அது சரிவரவில்லை என்று கண்டு வேலையை நிறுத்தினர். ஆனால் பாவைகள் இருந்தன. அரங்கங்கள் கட்டப்பட்டிருந்தன. ஒன்றரை ஆண்டின் உழைப்பு மரமாகவும் உலோகமாகவும் துணியாகவும் இறுகி அங்கே நின்றது. அவற்றை எறிந்துவிட இயலாது. எனவே, ஏற்கெனவே செய்யப்பட்டிருந்த பாத்திரங்களையும் இடங்களையும் கொண்டு ஒரு முழுநீளக் கதையை எழுதுவது என்று முடிவாயிற்று.

இதன் பொருள் யாது? வழமையில் திரைக்கதை முதலில் எழுதப்படும். தச்சரும் தையற்காரரும் பின்னர் அழைக்கப்படுவர். கருத்து முந்தியது, பொருள் பிந்தியது என்ற வரிசை அது. இங்கே அவ்வரிசை தலைகீழாயிற்று. கைகளாற் செய்யப்பட்ட பொருள்கள் முந்தின. கதை அவற்றின்மீது எழுந்தது. அடித்தளத்துக்கும் மேற்கட்டுமானத்துக்கும் உள்ள உறவைப் பொறிமுறையாகப் பொருத்திக் காட்டுவோரை நாம் கண்டித்து வந்திருக்கிறோம். ஆயினும் இவ்வொரு வேளையில் அப்பொருத்தம் ஏறத்தாழ எழுத்தளவிலேயே அமைந்துவிட்டதைக் குறிப்பிடாமலிருக்க முடியவில்லை. படத்தின் ‘ஆசிரியர்’ யார் என்ற வினாவுக்கு விடை கூறுவோர் இச்செய்தியைக் கணக்கில் எடுத்தாக வேண்டும்.

அடுத்த மூன்றரை ஆண்டுகள் ஏறக்குறைய ஐந்து பேர் அடங்கிய குழு வேலைசெய்தது. கப்ரீனோ நெறிப்படுத்தியதோடு பாவைகளைத் தாமே அசைத்தார். சாண்டெமோசே அரங்கங்களையும் வாகனங்களையும் கட்டினார். இங்கபோர்க் ரீசெர் பாவைகளை வடித்தார். கெர்ட் அல்ஃப்சென் உடைகளையும் சிறு பொருள்களையும் செய்தார். சார்ல்ஸ் பேட்டி கமராவை இயக்கினார். ஹொலிவூட்டின் தொழிற்சாலை முறையோடு ஒப்பிட்டால் இதனை முதலாளித்துவத்துக்கு முந்திய கைவினைப் பட்டறையின் எச்சம் என்றே கொள்ளத் தோன்றும். அங்கே உழைப்பாளி தன் பொருளிலிருந்து முற்றாக அந்நியப்படவில்லை. தொடக்கம் முதல் முடிவுவரை அதனைத் தன் கையாலேயே ஆக்கினார். அதன் முழு வடிவத்தையும் தன் கண்ணாலே கண்டார். இவ்வகையில் அவரது நிலை பெரும் படப்பிடிப்பகத்திற் கூலிக்கு ஆணியடித்தவரின் நிலையிலும் மேலானது. அந்நியமாதல் உற்பத்தியில் நிகழவில்லை. படம் சந்தைக்கு வந்தபின், புகழ் பங்கிடப்பட்ட முறையிலேயே நிகழ்ந்தது.

படத்தின் கதையை நோக்கும்போது இச்செய்தி மேலும் கூர்மை பெறுகிறது. ரெயோடோர் ஃபெல்கென் மலையுச்சியில் வாழும் சைக்கிள் திருத்துநர், புதியன காண்பவர். அவருடன் வசிப்பவை சூலான் என்னும் உற்சாகமிக்க பறவையும் லூட்விக் என்னும் அச்சமே உருவான முள்ளெலியும். ரெயோடோரின் முன்னாள் உதவியாளனான ரூடோல்ஃப் அவருடைய கண்டுபிடிப்பைத் திருடிக்கொண்டு சென்று, அதனைக் கொண்டே மோட்டார்ப் பந்தயங்களில் வாகைசூடி நாடறிந்தவனாகிறான். அதனை அறிந்த சூலான், ரெயோடோர் நெடுங்காலமாக மனத்திற் கொண்டிருந்த ‘இல் தெம்போ ஜிகாந்தே’ என்ற பெருவாகனத்தைக் கட்டி முடிக்கத் தூண்டுகிறது. பணத்துக்கு எங்கே போவது? அரபு எண்ணெய் ஷேக் ஒருவர் முதலீடு செய்ய முன்வருகிறார். வாகனம் கட்டப்படுகிறது, சதி நடக்கிறது, இறுதியில் ரெயோடோர் வெல்கிறார்.

பட்டறைத் தொழிலாளியின் அறிவைக் கவர்ந்தவன் புகழடைகிறான், அறிவுக்கு உரியவர் மலையுச்சியில் மறைந்து கிடக்கிறார் என்பதே கதையின் முடிச்சு. பட்டறையொன்றிலே, முன்னரே கட்டப்பட்டு நின்ற பொருள்களைச் சுற்றி எழுதப்பட்ட கதை இம்முடிச்சைக் கொண்டிருப்பதில் வியப்பில்லை. எவரும் திட்டமிட்டுத் தம் நிலையை உருவகமாக்கினர் என்று நான் வாதிடவில்லை. கலைப்படைப்பு தன் உற்பத்தி நிலைமைகளை, ஆக்கியோர் அறியாமலேயே தன்னுள் பதித்துக்கொள்வதுண்டு என்பதே எனது துணிபு. ஆனால் கதை தரும் தீர்வு பலவீனமானது. திருடப்பட்ட உழைப்புக்கு நியாயம் கிடைப்பது அயல்நாட்டு மூலதனத்தின் கருணையாலும் ஒரு பந்தயத்தின் வெற்றியாலுமே. ரெயோடோர் வென்ற பின்னரும் கண்டுபிடிப்பு யாருக்கு உரியது என்ற வினா விடையின்றி நிற்கிறது. சிறுவர் படத்தில் இதனைத் தேடலாமா என்று கேட்போர், சிறுவர் கதைகளே ஒரு சமூகத்தின் மிக உறுதியான கருத்தியல் வாகனங்கள் என்பதை மறந்துவிடுகின்றனர்.

எண்ணெய் ஷேக்கின் வருகையும் காலத்தோடு ஒட்டியது. வடகடலில் எக்கோஃபிஸ்க் எண்ணெய் வயல் கண்டறியப்பட்டது 1969இல். உற்பத்தி தொடங்கியது 1971இல். அரசின் எண்ணெய் நிறுவனம் அமைக்கப்பட்டது 1972இல். படம் பட்டறையில் வளர்ந்துகொண்டிருந்த 1973ஆம் ஆண்டின் முடிவில் உலக எண்ணெய் நெருக்கடி வந்தது. வார இறுதிகளிற் சொந்த வாகனம் ஓட்டுவதை நோர்வே அரசு தடைசெய்தது. அந்நாட்டு மன்னரே பனிச்சறுக்கலுக்குச் செல்ல நகர ரயிலில் ஏறிக் கட்டணம் செலுத்த முன்வந்த புகைப்படம் பரவலாக அறியப்பட்டது. தெருக்களில் வாகனங்கள் ஓடாத அதே குளிர்காலத்தில், எரிபொருளை மிகையாக விழுங்கும் கற்பனை வாகனமொன்று சிறு அளவில் உருவாகிக்கொண்டிருந்தது. எண்ணெய்ச் செல்வம் இன்னும் பிறருடையதாக, தொலைதேசத்துக்குரியதாகத் தோன்றிய இடைக்காலத்தின் கனவு அது. சில ஆண்டுகள் கழித்து எழுதப்பட்டிருந்தால் முதலீட்டாளர் நோர்வேயராகவே இருந்திருக்கக் கூடும்.

படம் 1975 ஓகஸ்ற் 28ஆந் திகதி திரையிடப்பட்டது. நாட்டின் சனத்தொகை அப்பொழுது நாற்பது இலட்சம். காலத்துக்குக் காலம் மீண்டும் திரையிடப்பட்டபோது விற்பனையானவை உட்பட, விற்ற நுழைவுச்சீட்டுகளின் தொகை ஐம்பத்தைந்து இலட்சத்தைத் தாண்டியது. குடிசனத்தின் எண்ணிக்கையைவிட நுழைவுச்சீட்டுகளின் எண்ணிக்கை மிகுந்த படம் இது. இந்நுழைவுச்சீட்டுகளிற் பெரும்பாலானவை பொதுமக்களுக்குச் சொந்தமான அரங்குகளில் விற்கப்பட்டவை என்பதையும் நினைவுகூர்தல் தகும்.

வெற்றியின் பின்னர் பொருள்களுக்குப் புகழ் வந்தது. ‘இல் தெம்போ ஜிகாந்தே’ உண்மையாகவே ஓடக்கூடிய முழு அளவு வாகனமாகவும் கட்டப்பட்டது. மக்கள் திரண்டு சென்று அதனைப் பார்த்தனர். வாகனத்தின் பெயரை நாட்டின் ஒவ்வொரு குழந்தையும் சொல்லும். செய்தவரின் பெயரைச் சொல்வோர் சிலரே. ஆக்கிய கையைவிட ஆக்கப்பட்ட பொருள் பெருமை பெறுவதற்கு இதனிலும் தெளிவான எடுத்துக்காட்டுத் தேவையில்லை.

மறைக்கப்பட்டோருக்குள்ளும் ஒரு படிநிலை இருந்தது. ஆண் செய்த வாகனம் பொறியியல் அற்புதமெனப் போற்றப்பட்டது. பெண்கள் வடித்த முகங்களும் தைத்த உடைகளும் அவ்வளவு பேசப்படவில்லை. லூட்விக்கின் கவலை தோய்ந்த முகம் இல்லாமல் அப்படத்தை எண்ணிப்பார்க்க முடியாது; அம்முகத்தை வடித்த ரீசெரின் பெயரோ சாண்டெமோசேயின் பெயரிலும் அரிதாகவே எடுத்தாளப்படுகிறது. தொடக்கத்தில் இங்கபோர்க் கூடெக்கு நேர்ந்ததும் இதுவே. பாவை வடித்தலும் தையலும் வீட்டுவேலையின் நீட்சியாகவும், சக்கரமும் பல்லிணையும் ‘தொழில்நுட்ப’மாகவும் கணிக்கப்படும் சமூகத்தில் இது வேறுவிதமாக நடந்திருக்க இயலாது. சாண்டெமோசேயை மீட்டெடுக்க முனையும் ஆய்வு அவரைப் புதியதொரு தனிநாயகராக நிறுத்துமாயின், அது பழைய பிழையையே மீண்டும் செய்வதாகும்.

இவ்வாதத்துக்கு ஒரு மறுப்பு எழலாம். படத்தின் பெயர்ப்பட்டியலில் இவர்கள் எல்லோரும் இடம்பெற்றுள்ளனரே; கப்ரீனோவும் ஆலையதிபர் அல்லரே; இரவுபகலாகப் பாவைகளை நகர்த்தியவர் அவருந்தானே என்பது அது. அம்மறுப்பு நியாயமானது. கப்ரீனோவைச் சுரண்டுபவராகச் சித்திரிப்பது வரலாற்றுக்கும் அவருடைய கைகளுக்கும் இழைக்கும் அநீதியாகும். சிறு பண்ட உற்பத்தியாளரான அவர், பெரும் நிறுவனங்களின் சந்தையில் நிலைத்து நிற்பதற்குத் தம் பெயரையே வணிகக் குறியாக்க வேண்டியிருந்தது. மந்திரக் கதையும் அத்தேவையின் விளைவே. பெயர்ப்பட்டியலைப் பற்றிச் சொல்வதானால், அது சட்டப்படியான அங்கீகாரம். பத்திரிகையும் பாடநூலும் விமர்சனமும் வழங்குவதே சமூக அங்கீகாரம். இவ்விரண்டுக்கும் இடையிலுள்ள தூரத்தை விமர்சகர்களாகிய நாமே உருவாக்கினோம். ‘கப்ரீனோவின் ஃப்ளோக்லிப்பா’ என்று எழுதுவது எளிது. ஐந்து பெயர்களை எழுதுவது அலுப்பானது.

எழுபதுகளின் பிற்பகுதியில் செய்த சில தொலைக்காட்சிப் பணிகளைத் தவிர, கப்ரீனோ அதன்பின் பாவைப் படம் எதனையும் எடுக்கவில்லை. லில்லஹாமருக்கு அண்மையிலுள்ள ஹுண்டர்ஃபோசென் பொழுதுபோக்குப் பூங்காவுக்கான காட்சிகளிலும், பல கமராக்களை ஒருங்கிணைத்து எடுக்கும் அகன்ற சுற்றுலாப் படங்களிலும் ஈடுபட்டார்; 2001இற் காலமானார். பட்டறை முறை அவருடைய தலைமுறையோடு ஏறக்குறைய முடிந்தது. 2013இல் சூலானும் லூட்விக்கும் மீண்டும் பாவைகளாகத் திரைக்கு வந்தபோது, தயாரித்தவை முழு வளர்ச்சியடைந்த நவீன நிறுவனங்கள். ராஸ்முஸ் சிவெர்ட்சென் நெறிப்படுத்திய அப்படத்தில் தொழிற்பிரிவினை மிக விரிவாகியிருந்தது. ஐவர் இருந்த இடத்தில் நீண்டதொரு பெயர்வரிசை வந்தது. வரிசை நீண்டதனால் உழைப்பாளி தெரிய வந்தாரா, அல்லது கூட்டத்தினுள் மேலும் மறைந்தாரா என்பது தனியாக ஆராயவேண்டிய பொருள்.

சாண்டெமோசே போன்றோரின் வரலாற்றை எழுதப் புகுவோருக்கு அவர்கள் செய்த பொருள்களே முதன்மைச் சான்று. கட்டுரைகளிலும் செவ்விகளிலும் தேடுவதைவிட, திரையில் கண்ணூன்றிப் பார்ப்பதே பயன்தரும். ஃப்ளோக்லிப்பா படத்தில் ரெயோடோரின் பட்டறை வரும் காட்சிகளை நோக்குக. பெருவாகனம் அங்கே பகுதி பகுதியாக உருப்பெறுகிறது. கருவிகள் தத்தம் இடத்தில் உள்ளன. கிழவர் குனிந்து வேலைசெய்கிறார். மேசையும் சுவரும் வாகனமும் உட்பட அப்பட்டறை முழுவதும் சிறு அளவிற் செய்யப்பட்டது. அதனைச் செய்தவர், அதே போன்ற மற்றொரு பட்டறையில், முழு அளவுக் கருவிகளோடு நின்றுகொண்டிருந்தார்.